நாலாம் வகுப்போடு நின்றவர் நாட்டுக்கே வாத்தியார் ஆனார்! - கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனின் வாழ்க்கைக் கதை

நாகர்கோவிலில் ஒரு நாடகக் கொட்டகை. இரவு நேரம். மேடையில் ராஜாவும் ராணியும் பாடிக் கொண்டிருக்கிறார்கள். கூட்டத்துக்கு நடுவே ஒரு சிறுவன் சோடாப் புட்டிகளைத் தூக்கிக் கொண்டு நடக்கிறான்.

கை சோடாவை உடைக்கிறது. கண்ணோ மேடையை விட்டு அகலவில்லை. எந்த இடத்தில் ஜனங்கள் அழுகிறார்கள், எந்த இடத்தில் சிரிக்கிறார்கள் என்பது அவனுக்கு மனப்பாடம்.

அந்தச் சிறுவன்தான் பிற்காலத்தில் தமிழ்நாட்டையே வயிறு குலுங்கச் சிரிக்க வைத்தான். சிரித்தவர்களை வீட்டுக்குப் போய் யோசிக்கவும் வைத்தான்.

அவர்தான் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்.

பள்ளிக்கூடத்தில் நாலு வகுப்புக்கு மேல் படிக்க அவருக்கு வசதி இல்லை. ஆனால் படிப்பின் பெருமையை அவரைப் போல் ஊர் ஊராகச் சொன்னவர்கள் மிகச் சிலரே. கொலை வழக்கில் சிக்கிச் சிறைக்குப் போனார். சிறையில் இருந்து வந்த பிறகும் அவருடைய சிரிப்பு மாறவில்லை. லட்ச லட்சமாகச் சம்பாதித்தார். கடைசியில் கையில் ஒன்றும் மிஞ்சவில்லை.

இது அவருடைய கதை.

ஏழை வீட்டுப் பிள்ளை

நாகர்கோவிலை ஒட்டி ஒழுகினசேரி என்று ஒரு பகுதி இருக்கிறது. அங்கே 1908-ம் ஆண்டு நவம்பர் 29-ந் தேதி கிருஷ்ணன் பிறந்தார். தந்தை பெயர் சுடலைமுத்துப் பிள்ளை. தாயார் இசக்கியம்மாள்.

நாகர்கோவில், சுடலைமுத்து, கிருஷ்ணன் ஆகிய மூன்றும் சேர்ந்துதான் என்.எஸ்.கிருஷ்ணன் என்று ஆயிற்று.

அந்தக் காலத்தில் நாகர்கோவில், திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. ராஜா ஆட்சி. சாதிக் கட்டுப்பாடுகள் மிகக் கடுமையாக இருந்த சீமை அது. சில சாதியார் கோவிலுக்குள் போகக் கூடாது. கோவிலைச் சுற்றி உள்ள தெருவில்கூட நடக்கக் கூடாது. எல்லா இந்துக்களும் கோவிலுக்குள் போகலாம் என்ற மகாராஜாவின் பிரகடனம் 1936-ம் ஆண்டு நவம்பரில்தான் வந்தது. அப்போது கிருஷ்ணனுக்கு 27 வயது.

சின்ன வயதில் இந்தக் கொடுமைகளை எல்லாம் அவர் கண்ணால் பார்த்தார். அவருடைய கேலிக்கும் கிண்டலுக்கும் விதை அங்கேதான் விழுந்தது.

வீட்டில் வறுமை. படிப்பு நாலாம் வகுப்போடு நின்று போயிற்று. பிள்ளையும் சம்பாதித்தால்தான் அடுப்பு எரியும் என்ற நிலை. அப்படித்தான் நாடகக் கொட்டகையில் சோடா விற்கும் வேலைக்கு வந்தான் அந்தச் சிறுவன்.

வில் கொடுத்த வித்தை

தெற்குச் சீமையில் வில்லுப்பாட்டு மிகவும் பிரசித்தம். கோவில் கொடைகளில் விடிய விடிய நடக்கும்.

பெரிய வில் ஒன்றைப் பானையின் மேல் வைத்துக் கட்டி இருப்பார்கள். வில்லின் நெடுக மணிகள் தொங்கும். தலைமைப் பாடகர் இரண்டு கோல்களால் நாணைத் தட்டித் தட்டிக் கதை சொல்வார். மணிகள் கலகல என்று ஒலிக்கும். பக்கத்தில் உடுக்கு, தாளம், குடம். பின்பாட்டுக்காரர் ஒவ்வொரு அடிக்கும் ஆமாம் போடுவார். நடுநடுவே குறுக்குக் கேள்வி கேட்பார். தலைவர் பதில் சொல்வார். ஜனங்கள் சிரிப்பார்கள்.

இந்தக் கலையைக் கிருஷ்ணன் பிடித்துக் கொண்டார். கதையை எங்கே நிறுத்த வேண்டும், கேள்வியை எங்கே போட வேண்டும், சிரிப்பு அடங்கும் வரை எப்படிக் காத்திருக்க வேண்டும் என்பதை எல்லாம் அந்த வில் அவருக்குச் சொல்லிக் கொடுத்தது.

நாடகக் கம்பெனியில்

1925-ம் ஆண்டில் டி.கே.எஸ். சகோதரர்கள் ஒரு நாடக சபையைத் தொடங்கினார்கள். சங்கரன், முத்துசாமி, சண்முகம், பகவதி ஆகிய நான்கு சகோதரர்களின் சபை அது. இவர்களில் சண்முகம்தான் பின்னாளில் அவ்வை சண்முகம் என்று புகழ் பெற்றவர்.

இளைஞர் கிருஷ்ணன் அந்தச் சபையில் சேர்ந்தார். முதலில் சின்னச் சின்ன வேடங்கள். ஆனால் மற்றவர்களுடைய பாடத்தையும் அவர் கேட்டுக் கேட்டு மனப்பாடம் செய்து விடுவார். ஒரு நடிகருக்குக் காய்ச்சல் என்றால் அந்த வேடத்தில் அன்று கிருஷ்ணன் வந்து நிற்பார். இப்படி எல்லா வேடமும் பழகியவர், கடைசியில் நகைச்சுவைதான் தம் வழி என்று கண்டு கொண்டார்.

வெள்ளைக்காரர் ஆட்சி நடந்த காலம் அது. டி.கே.எஸ். சபையார் 'தேசபக்தி' என்று ஒரு நாடகம் போட்டார்கள். அதில் காந்தி மகானின் கதையை வில்லுப்பாட்டாகப் பாடினார் கிருஷ்ணன். சாமிக் கதை மட்டுமே கேட்டுப் பழகிய வில்லில் தேசத்தின் கதை ஒலித்தது. ஜனங்களுக்கு அது புதுமையாக இருந்தது.

பேசும் படம் அழைத்தது

தமிழில் பேசும் படம் 1931-ல் வந்தது. நாடக நடிகர்களுக்குச் சினிமாவில் கிராக்கி ஏற்பட்டது.

1935-ல் டி.கே.எஸ். சபையாரின் 'மேனகா' நாடகம் படமாயிற்று. வடுவூர் துரைசாமி அய்யங்கார் எழுதிய நாவல்தான் அந்தக் கதை. படத்தில் கிருஷ்ணனும் நடித்தார்.

அடுத்த ஆண்டு, 1936-ல், 'சதிலீலாவதி' வெளிவந்தது. கதை எழுதியவர் எஸ்.எஸ்.வாசன். டைரக்ட் செய்தவர் அமெரிக்காவில் இருந்து வந்த எல்லிஸ் ஆர்.டங்கன். அந்தப் படத்தில் சிறிய வேடத்தில் ஓர் இளைஞர் அறிமுகமானார். அவர்தான் எம்.ஜி.ராமச்சந்திரன். கிருஷ்ணனுக்கும் எம்.ஜி.ஆருக்கும் ஏற்பட்ட நட்பு கடைசி வரை நீடித்தது.

மதுரம் வந்தார்

அதே 1936-ல் 'வசந்தசேனா' என்ற படம். படப்பிடிப்பு புனாவில். நடிகர், நடிகைகள் எல்லாரும் ரெயிலில் புறப்பட்டார்கள். கிருஷ்ணனுக்கு ஜோடியாக நடிக்க வந்தவர் டி.ஏ.மதுரம். திருச்சிப் பக்கத்தைச் சேர்ந்தவர், நன்றாகப் பாடுவார்.

வழியில் குழுவினரின் சாப்பாட்டுக்குப் பணம் இல்லாமல் போயிற்றாம். மதுரம் தம் கை வளையலைக் கழற்றிக் கொடுத்தாராம். கிருஷ்ணன் அதைப் பணமாக்கி எல்லாருக்கும் சாப்பாடு வாங்கிப் போட்டாராம். இந்தக் கதையைச் சினிமா உலகத்தில் பலரும் சொல்வார்கள்.

இருவருக்கும் காதல் ஏற்பட்டது. புனாவிலேயே திருமணமும் நடந்தது.

ஆனால் கிருஷ்ணன் ஒரு விஷயத்தை மறைத்து விட்டார். அவருக்கு ஏற்கனவே ஊரில் மனைவி இருந்தார். பெயர் நாகம்மை. உண்மை தெரிந்தபோது மதுரம் கொதித்துப் போனார். சில நாள் பேசவே இல்லை என்பார்கள். மற்றவர்களின் பொய்யைக் கேலி செய்தவர் சொன்ன இந்தப் பொய், அவர் வாழ்க்கையில் விழுந்த ஒரு கறைதான்.

பிறகு மதுரம் மனம் இளகினார். பிற்காலத்தில் தம் தங்கை வேம்புவையும் அவரே முன்னின்று கிருஷ்ணனுக்கு மணம் செய்து வைத்தார். அது வேறு காலம். இப்படிப்பட்ட திருமணங்களைச் சட்டம் தடுக்காத காலம்.

ஒழுகினசேரியில் கிருஷ்ணன் ஒரு வீடு கட்டினார். அதற்கு மதுர பவனம் என்று பெயர் வைத்தார்.

தனி ராஜ்யம்

கிருஷ்ணனும் மதுரமும் படத்தில் வந்தால் கொட்டகை நிறையும் என்ற நிலை ஏற்பட்டது. 'அம்பிகாபதி', 'திருநீலகண்டர்', 'சகுந்தலை', 'ஆர்யமாலா', 'கண்ணகி', 'மங்கம்மா சபதம்' என்று படங்கள் வரிசையாக வந்தன.

அந்தக் காலத்தில் பட முதலாளிகள் நகைச்சுவைப் பகுதியை அவரிடமே விட்டு விடுவார்கள். கதை, வசனம், பாட்டு, நடிகர்கள் எல்லாம் அவர் பொறுப்பு. அவருக்கென்று தனிக் குழு இருந்தது. புளிமூட்டை ராமசாமி, காக்கா ராதாகிருஷ்ணன் போன்றவர்கள் அதில் இருந்தார்கள். பாட்டு எழுத உடுமலை நாராயணகவி இருந்தார்.

அவருடைய நகைச்சுவைக்குச் சில கட்டுப்பாடுகள் உண்டு. நொண்டி, குருடு, ஊமை என்று உடல் குறையைக் காட்டிச் சிரிக்க வைக்க மாட்டார். ஏழையை ஏளனம் செய்ய மாட்டார். அவருடைய கேலி எல்லாம் மூட நம்பிக்கை மேலும், சாதி ஆணவத்தின் மேலும், குடியின் மேலும், போலிச் சாமியார்களின் மேலும்தான் பாயும்.

அந்தக் கேலியிலும் நஞ்சு இருக்காது. கேலி செய்யப்பட்டவனே முன் வரிசையில் உட்கார்ந்து சிரித்து விட்டுப் போவான். வீட்டுக்குப் போன பிறகுதான் அது தன்னைப் பற்றியது என்று அவனுக்கு உறைக்கும்.

மேல் நாட்டிலும் ஒரு சிறுவன் வறுமையில் வளர்ந்து, மேடை ஏறி, உலகத்தைச் சிரிக்க வைத்தான். அவர் சார்லி சாப்ளின். அதனால்தான் கிருஷ்ணனை இந்தியாவின் சார்லி சாப்ளின் என்று ஜனங்கள் அழைத்தார்கள்.

இடி விழுந்தது

1944 தீபாவளி. எம்.கே.தியாகராஜ பாகவதர் நடித்த 'ஹரிதாஸ்' வெளிவந்தது. கிருஷ்ணனும் மதுரமும் அதில் உண்டு. சென்னை பிராட்வே தியேட்டரில் அந்தப் படம் மூன்று தீபாவளிகளைக் கண்டது. பாகவதரும் கிருஷ்ணனும் புகழின் உச்சியில் இருந்தார்கள்.

அந்தச் சமயத்தில் சென்னையில் லட்சுமிகாந்தன் என்று ஒரு பத்திரிகைக்காரர் இருந்தார். 'சினிமா தூது' என்றும், பிறகு 'இந்து நேசன்' என்றும் பத்திரிகை நடத்தினார். நடிகர், நடிகைகளின் அந்தரங்கத்தைப் பற்றி அசிங்கமாக எழுதுவார். பயந்தவர்கள் பணம் கொடுப்பார்கள் என்று பேச்சு.

1944 நவம்பர் 8-ந் தேதி. வேப்பேரியில் ரிக்ஷாவில் போய்க் கொண்டிருந்த லட்சுமிகாந்தனைச் சிலர் கத்தியால் குத்தினார்கள். மறுநாள் ஆஸ்பத்திரியில் அவர் இறந்தார்.

டிசம்பர் மாதம் போலீசார் பாகவதரைக் கைது செய்தார்கள். கிருஷ்ணனையும் கைது செய்தார்கள். கொலைக்குச் சதி செய்தார்கள் என்பது குற்றச்சாட்டு. தமிழ்நாடே திடுக்கிட்டது.

சொல்லால் பிறரைப் புண்படுத்திப் பிழைத்தவர் ஒருவர். சொல்லால் பிறரைச் சிரிக்க வைத்துப் பிழைத்தவர் இன்னொருவர். முன்னவரின் கொலைக்குப் பின்னவர் கூண்டில் நின்றார். விதியின் விளையாட்டு என்று ஜனங்கள் பேசிக் கொண்டார்கள்.

சென்னை ஐகோர்ட்டில் ஜூரிகள் முன்பு வழக்கு நடந்தது. 1945 மே மாதம் தீர்ப்பு வந்தது. இருவருக்கும் ஆயுள் தண்டனை!

மதுரத்தின் போராட்டம்

கிருஷ்ணன் சிறையில். வீட்டில் வருமானம் இல்லை. வழக்குச் செலவோ மலை போல நின்றது.

மதுரம் அழுது கொண்டு மூலையில் உட்காரவில்லை. நடிகர் எஸ்.வி.சகஸ்ரநாமம் துணைக்கு நின்றார். கிருஷ்ணன் பெயரிலேயே நாடக சபை நடந்தது. ஊர் ஊராக நாடகம் போட்டார்கள். வந்த பணம் வக்கீல்களுக்குப் போயிற்று.

அதோடு நிற்காமல் 'பைத்தியக்காரன்' என்ற நாடகத்தைப் படமாக எடுக்கவும் துணிந்தார்கள். கிருஷ்ணன்-பஞ்சு டைரக்ட் செய்தார்கள். கணவரைச் சிறையில் இருந்து மீட்க மனைவி எடுத்த படம் அது.

வழக்கு அப்பீலுக்குப் போயிற்று. முதலில் தோல்வி. பிறகு கடல் கடந்து லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் வரைக்கும் போயிற்று. அந்தக் காலத்தில் இந்தியாவுக்கு அதுதான் கடைசிக் கோர்ட்டு. வழக்கை மறுபடி விசாரிக்க வேண்டும் என்று பிரிவி கவுன்சில் திருப்பி அனுப்பியது.

சென்னை ஐகோர்ட்டு மீண்டும் விசாரித்தது. பிரபல வக்கீல் வி.எல்.எத்திராஜ் வாதாடினார். 1947 ஏப்ரலில் இருவரும் குற்றவாளிகள் அல்ல என்று தீர்ப்பாயிற்று.

லட்சுமிகாந்தனைக் கொன்றவர்கள் யார்? அது இன்று வரை விடுபடாத புதிர்.

மீண்டும் சிரிப்பு

சிறைக்குப் போன இரண்டு நட்சத்திரங்களும் வெளியே வந்தார்கள். பாகவதரின் செல்வாக்குப் பழைய நிலைக்குத் திரும்பவில்லை. 1959-ல் அவர் காலமானார்.

கிருஷ்ணனின் கதை வேறு. இரண்டு ஆண்டுகளுக்கு மேல் கம்பி எண்ணியவர், யார் மேலும் கசப்பு இல்லாமல் வந்தார். 'பைத்தியக்காரன்' படத்தில் அவருக்காகக் காட்சிகள் சேர்க்கப்பட்டன. 1947-ல் படம் வெளிவந்தது. திரையில் அவரைக் கண்டதும் ஜனங்கள் கை தட்டினார்கள்.

அடுத்த ஆண்டு, 1948-ல், ஜெமினியின் 'சந்திரலேகா'. இந்தியா முழுவதும் ஓடிய அந்தப் பிரம்மாண்டமான படத்திலும் கிருஷ்ணன்-மதுரம் ஜோடி இருந்தது.

கலைவாணர் என்ற பட்டம் இந்தச் சமயத்தில்தான் அவருக்குக் கிடைத்தது. அதற்குப் பிறகு கிருஷ்ணன் என்று சொன்னால் எந்தக் கிருஷ்ணன் என்று கேட்பார்கள். கலைவாணர் என்றால் யாரும் கேட்க மாட்டார்கள்.

கிந்தன் ஏறிய ரெயில்

1949-ல் 'நல்லதம்பி' படம் வந்தது. அமெரிக்காவில் வந்த ஒரு படத்தின் கதையைத் தழுவி, அறிஞர் அண்ணா வசனம் எழுதினார். சென்னை மாகாணம் முழுவதும் மதுவிலக்கு வந்திருந்த நேரம். குடியின் கேட்டைப் படம் எடுத்துக் காட்டியது.

அந்தப் படத்தில்தான் கிந்தனார் காலட்சேபம் வருகிறது.

நந்தனார் கதை எல்லாருக்கும் தெரியும். தாழ்த்தப்பட்ட குலத்தில் பிறந்த நந்தன், சிதம்பரம் போய் நடராஜரைத் தரிசிக்க ஏங்குகிறான். கோபாலகிருஷ்ண பாரதியார் அதைக் கீர்த்தனைகளாகப் பாடினார். பாகவதர்கள் கதாகாலட்சேபம் செய்வார்கள்.

கலைவாணர் அதே பாணியில் வேறு ஒரு கதையைச் சொன்னார். பாட்டு எழுதியவர் உடுமலை நாராயணகவி. இந்தக் கதையில் வருகிறவன் நந்தன் அல்ல, கிந்தன். அவனும் தாழ்த்தப்பட்ட குலத்துப் பிள்ளைதான். ஆனால் அவன் ஏங்குவது கோவிலுக்கு அல்ல, படிப்புக்கு!

கிந்தன் ஊரை விட்டுப் பட்டணத்துக்குப் புறப்படுகிறான். ரெயில் ஏறுகிறான். அங்கே ஓர் அதிசயம். எல்லாச் சாதியாரும் ஒரே பெட்டியில் உட்கார்ந்திருக்கிறார்கள். ஊரில் பக்கத்தில் வரக் கூடாது என்று விரட்டியவர்கள், வண்டியில் தோளோடு தோள் இடித்துக் கொண்டு வருகிறார்கள். சாஸ்திரங்கள் சொல்லியும் தீராத பேதத்தை ஒரு புகை வண்டி தீர்த்து வைக்கிறது!

பட்டணத்தில் கிந்தன் படிக்கிறான். பள்ளிக்கூட இன்ஸ்பெக்டர் ஆகித் திரும்பி வருகிறான். ஒதுக்கி வைத்த ஊரே அவனை வரவேற்கிறது.

கேட்டவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சிரித்தபடியே தங்கள் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்ப வேண்டும் என்று நினைத்தார்கள். எழுத்து அறியாதவர்களுக்கும் அந்தக் கதை விளங்கியது. நாலாம் வகுப்போடு பள்ளியை விட்டவர் அல்லவா சொல்கிறார்! அந்த ஏக்கம் எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியும்.

இன்றைக்கும் காலை நேரத்தில் திருவள்ளூரிலோ கும்மிடிப்பூண்டியிலோ நின்று பார்த்தால் கிந்தன் ஏறிய ரெயிலைக் காணலாம். சென்னைக்குப் போகும் மின்சார ரெயிலில் மாணவர்கள் ஏறுகிறார்கள். எதிர்த் திசையில் வரும் வண்டியில் இருந்து தொழிற்பேட்டைக்குப் போகும் தொழிலாளர்கள் இறங்குகிறார்கள். பக்கத்தில் உட்கார்ந்தவன் என்ன சாதி என்று யாரும் கேட்டு இடம் பிடிப்பது இல்லை. கரி எஞ்சின் போயிற்று, மின்சார எஞ்சின் வந்து விட்டது. கலைவாணர் சொன்ன பாடம் மட்டும் பழசாகவில்லை.

டைரக்டர் கலைவாணர்

1951-ல் 'மணமகள்' படத்தைக் கலைவாணரே எடுத்து, டைரக்டும் செய்தார். மு.கருணாநிதி வசனம் எழுதினார். நாட்டியத்தில் பேர் வாங்கி இருந்த பத்மினி அதில் கதாநாயகி ஆனார். அடுத்த ஆண்டு சிவாஜி கணேசனை வைத்துப் 'பணம்' படத்தை டைரக்ட் செய்தார்.

1951-ல் இந்தியச் சினிமாக் குழுவோடு சோவியத் ரஷ்யாவுக்கும் போய் வந்தார். சோடா விற்ற பையன் மாஸ்கோவைக் கண்டு வந்தார்!

வில்லை மட்டும் அவர் மறக்கவில்லை. காந்தியின் கதையை மேடைகளில் வில்லுப்பாட்டாகப் பாடினார். திருநெல்வேலிச் சீமையில் சுப்பு ஆறுமுகம் என்ற இளைஞரின் திறமையைக் கண்டு, சென்னைக்கு அழைத்து வந்தார். அவரும் வில்லுப்பாட்டில் பெரும் புகழ் பெற்றார். 2021-ல் பத்மஸ்ரீ விருது வாங்கிய அவர், 2022-ல் காலமானார். கலைவாணர் கொடுத்த வில் அவருக்குப் பின் அறுபத்தைந்து ஆண்டுகள் ஒலித்தது.

கொடுத்துச் சிவந்த கை

கலைவாணரின் கையில் பணம் தங்காது. காலையில் வீட்டு வாசலில் கூட்டம் நிற்கும். கல்யாணம் என்பார் ஒருவர். பள்ளிக்கூடச் சம்பளம் என்பார் இன்னொருவர். வைத்தியம் என்பார் வேறொருவர். இல்லை என்ற சொல் அவர் வாயில் வராது. காந்தி மறைந்த பிறகு நாகர்கோவிலில் தம் சொந்தச் செலவில் அவருக்கு நினைவுத் தூண் எழுப்பினார்.

வருமான வரி அதிகாரி ஒருவரைப் பற்றி ஒரு கதை சொல்வதுண்டு. கலைவாணர் தான தர்மம் என்று எழுதிக் கொடுத்த கணக்கை அந்த அதிகாரி நம்பவில்லையாம். தாம் யார் என்று சொல்லாமல் போய், மகள் கல்யாணத்துக்கு உதவி கேட்டாராம். கலைவாணர் உடனே பணம் கொடுக்கச் சொன்னாராம். அதிகாரி வெட்கத்தோடு உண்மையைச் சொல்லி விட்டுப் போனாராம்.

கொடுக்கக் கொடுக்க இருப்புக் குறைந்தது. ஏமாற்றியவர்களும் உண்டு. அது தெரிந்தும் அவர் கொடுத்தார். இதனால் வீட்டில் இருந்தவர்கள்தான் பின்னால் கஷ்டப்பட்டார்கள் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

காஞ்சிபுரத்தில் ஒரு பேச்சு

காங்கிரஸ்காரர்களும் அவருக்கு நண்பர்கள். திராவிட இயக்கத்தாரும் நண்பர்கள். கம்யூனிஸ்ட் தலைவர் ஜீவானந்தமும் நண்பர். யார் கட்சியிலும் உள்ள நல்லதை எடுத்துச் சொல்லுவார். அல்லதைச் சிரிப்பால் தட்டுவார்.

1957-ல் பொதுத் தேர்தல் வந்தது. காஞ்சிபுரத்தில் அண்ணா போட்டி இட்டார். எதிர்த்து நின்ற காங்கிரஸ் வேட்பாளர் ஒரு டாக்டர். ஊரில் நல்ல பெயர் எடுத்தவர்.

அண்ணாவுக்காகப் பேச வந்தார் கலைவாணர். மேடையில் ஏறியவர் அந்த டாக்டரைப் புகழ ஆரம்பித்தார். கைராசிக்காரர் என்றார். ஏழைகளுக்கு இரங்குகிறவர் என்றார். புகழ்ச்சி நீண்டு கொண்டே போயிற்று. அண்ணாவின் தொண்டர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

கடைசியில் கலைவாணர் விஷயத்துக்கு வந்தார். இவ்வளவு நல்ல டாக்டரைச் சட்டசபைக்கு அனுப்பி விட்டால் ஊரில் வைத்தியம் பார்ப்பது யார் என்று கேட்டார். டாக்டரை ஊரிலேயே வைத்துக் கொண்டு, அண்ணாவைச் சட்டசபைக்கு அனுப்புங்கள் என்று முடித்தார். கூட்டம் கொல் என்று சிரித்தது.

எதிரியை ஒரு வார்த்தை திட்டவில்லை. ஆனால் சொல்ல வந்ததைச் சொல்லி விட்டார். அண்ணா வெற்றி பெற்றுச் சட்டசபைக்குப் போனார்.

அணைந்த விளக்கு

அந்த ஆண்டு கலைவாணரின் உடல் நிலை கெட்டது. மஞ்சள் காமாலை நோய். சென்னை பொது மருத்துவமனையில் சேர்த்தார்கள்.

1957 ஆகஸ்டு 30-ந் தேதி அவர் காலமானார். ஐம்பது வயதுகூட நிறையவில்லை. சிரித்துப் பழகிய ஜனங்கள் அன்று தெருவில் நின்று அழுதார்கள்.

அந்த ஆண்டு தீபாவளிக்குச் சிவாஜி நடித்த 'அம்பிகாபதி' வெளிவந்தது. அதில் கலைவாணர் நடித்திருந்தார். 1937-ல் பாகவதர் நடித்த 'அம்பிகாபதி'யிலும் அவர் உண்டு. இருபது ஆண்டுகளுக்குப் பிறகு அதே கதையில் அவரைத் திரையில் கண்டவர்கள், சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் திகைத்தார்கள்.

அவர் போன பிறகு குடும்பத்துக்கு எம்.ஜி.ஆர். உதவினார் என்பார்கள். கொடுக்கும் பழக்கத்தைக் கலைவாணரிடம்தான் கற்றதாக எம்.ஜி.ஆரும் சொல்லி வந்தார். மதுரம் 1974-ல் காலமானார்.

பெயர் நிற்கிறது

1969 ஜனவரி 14, பொங்கல் நாள். சென்னை தியாகராய நகரில் கலைவாணரின் சிலை திறப்பு விழா. திறந்து வைத்தவர் அப்போது முதலமைச்சராக இருந்த அண்ணா. நோயால் மெலிந்த உடலோடு அவர் வந்திருந்தார். அண்ணா கலந்து கொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அதுதான். மூன்று வாரத்தில் அவரும் மறைந்தார்.

சென்னை வாலாஜா சாலையில் பாலர் அரங்கம் என்று ஒரு மண்டபம் இருந்தது. 1952-ல் தேர்ந்தெடுக்கப்பட்ட சென்னைச் சட்டசபை கூடிய கட்டடம் அது. 1974-ல் அதற்குக் கலைவாணர் அரங்கம் என்று பெயர் சூட்டினார் முதலமைச்சர் கருணாநிதி. பழைய கட்டடம் போய், 2016-ல் புதிய கட்டடம் திறக்கப்பட்டது.

கொரோனா நோய் பரவிய 2020, 2021-ம் ஆண்டுகளில் சட்டசபை உறுப்பினர்கள் தள்ளித் தள்ளி உட்கார இடம் தேவைப்பட்டது. கோட்டையில் இடம் போதவில்லை. சட்டசபை கலைவாணர் அரங்கத்தில் கூடியது. மந்திரிகளும் எதிர்க்கட்சியினரும் வாதாடிய மண்டபத்தின் வாசலில், நாடகக் கொட்டகையில் சோடா விற்ற பையனின் பெயர் எழுதி இருந்தது.

அவர் இருந்திருந்தால் அதற்கும் ஒரு பாட்டுக் கட்டி இருப்பார். இரண்டு கட்சியாரும் சேர்ந்து சிரித்திருப்பார்கள். வீட்டுக்குப் போய்க் கொஞ்சம் யோசித்தும் இருப்பார்கள்.